பட்டா எங்கள் பெயரில், நிலம் குடிசைப் பகுதிப் பட்டியலில்: இது செல்லுமா?

4 செப்டம்பர் 2025 (கேள்வி)

வடசென்னையில் தாத்தா வாங்கிய 3 கிரவுண்டு நிலம் இருக்கிறது. பட்டா அப்பா பெயரில். அந்தக் காலத்திலேயே அடிமனை வாடகைக்கு, அதாவது வெறும் நிலத்தை மட்டும் வாடகைக்கு விட்ட இடம். இருபது குடும்பங்களுக்கு மேல் வீடு கட்டிக் குடியிருக்கிறார்கள். இப்போது ஒரு தரகர் வந்து, “இது 1971லேயே குடிசைப் பகுதி என்று அறிவித்த இடம், உங்களால் ஒன்றும் பண்ண முடியாது, பவர் எழுதிக் கொடுங்கள், நான் பார்த்துக்கொள்கிறேன்” என்கிறார். சொந்தக்காரரைக் கேட்காமல் பட்டா நிலத்தை அப்படி அறிவிக்க முடியுமா சார்? அறிவித்தால் நிலம் போய்விட்டது என்றுதானே அர்த்தம்? போன மாதம் மும்பை வழக்கில் நில உரிமையாளர் பக்கம் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னதே, அது எங்களுக்கு உதவுமா?

4 செப்டம்பர், இரவு

நிலம் போகவில்லை. இதை முதலில் அப்பாவிடம் சொல்லுங்கள், நிம்மதியாகத் தூங்கட்டும். அப்புறம், அந்தத் தரகருக்குப் பவர் எழுதிக் கொடுக்காதீர்கள்.

1971ஆம் ஆண்டு தமிழ்நாடு குடிசைப் பகுதிகள் சட்டத்தில் மூன்று தனித்தனிக் கட்டங்கள் இருக்கின்றன. 3ஆம் பிரிவின் கீழ் வருவது ‘இது குடிசைப் பகுதி’ என்ற அறிவிப்பு. 11ஆம் பிரிவின் கீழ் வருவது, அங்குள்ள கட்டடங்களை அகற்றியே ஆகவேண்டும் என்ற அறிவிப்பு. நிலத்தை அரசு எடுத்துக்கொள்வது 17ஆம் பிரிவில். எடுப்பதற்கு முன் உரிமையாளரிடம் காரணம் கேட்டு நோட்டீஸ் வரவேண்டும், எடுத்தால் பணம் தரவேண்டும். முதல் கட்டம் நடந்துவிட்டதாலேயே மற்ற இரண்டும் தானாக நடந்துவிடாது. 1971இல் அறிவித்து, அதற்கு மேல் ஒரு அடி நகராத இடங்கள் சென்னையில் எத்தனையோ. அங்கெல்லாம் பட்டா பழைய பெயரிலேயே இருக்கிறது, சொத்து வரி கட்டுகிறார்கள், வாரிசுகள் பாகம் பிரித்துக்கொள்கிறார்கள்.

நான் வக்கீல் இல்லை. வக்கீல் குமாஸ்தா. பிறந்து வளர்ந்தது குடிசை மாற்று வாரியக் குடியிருப்பில், வேலை பார்ப்பது பெரும்பாலும் நில உரிமையாளர்களின் வழக்குக் கட்டுகளில். இரண்டு பக்கமும் எனக்குச் சொந்தம் உண்டு என்று வைத்துக்கொள்ளுங்கள்.

5 செப்டம்பர்

நேற்று சொல்லாமல் விட்டது. அறிவிப்பால் உங்களுக்கு மாறுவது ஒரு முக்கியமான விஷயம்: 29ஆம் பிரிவு. அறிவிக்கப்பட்ட பகுதியில் குடியிருப்பவரைக் காலி செய்யச் சொல்லி வழக்குப் போடுவதற்கே, அதற்கென்று குறிக்கப்பட்ட அதிகாரியின் எழுத்துமூல அனுமதி முன்கூட்டியே வேண்டும். ஏற்கெனவே காலி செய்யச் சொல்லும் டிகிரி (நீதிமன்றத் தீர்ப்பாணை) வாங்கி வைத்திருந்தாலும் அதை நிறைவேற்ற அனுமதி வேண்டும். அந்த மனிதரின் சக்திக்கு எட்டிய வேறு வீடு கிடைக்குமா, காலி செய்வது அந்தப் பகுதியின் மேம்பாட்டுக்கு உதவுமா என்று பார்த்துவிட்டுத்தான் அனுமதி தருவார்கள்.

உரிமையாளர்கள் இந்த இடத்தில்தான் கொதிப்பார்கள். “என் நிலத்தில் என் வாடகைதாரரைக் காலி செய்ய நான் எதற்கு இன்னொருவர் வாசலில் நிற்கவேண்டும்?” இந்தக் கேள்வி 1961லேயே உச்ச நீதிமன்றம் வரை போய்விட்டது. டெல்லியில் 1956ஆம் ஆண்டுச் சட்டம், அதில் 19ஆம் பிரிவு இதே மாதிரியானது. ஜோதி பெர்ஷாத் வழக்கு. அந்தப் பிரிவு செல்லும் என்றது நீதிமன்றம். சொத்துரிமையைப் பறிக்கவில்லை, போக இடம் இல்லாதவர்களைத் தெருவில் நிறுத்தாமல் காலத்தைத் தள்ளிவைக்கிறது என்பதுதான் அதன் சாரம்.

5 செப்டம்பர், மாலை

பட்டியலில் உங்கள் இடம் இருக்கிறதா என்பதையே முதலில் பாருங்கள். தரகர் வாய்ச்சொல் ஆதாரம் ஆகாது.

சென்னையில் 1971இல் 1,202 இடங்கள் அறிவிக்கப்பட்டன. 1985இல் இன்னும் 17. ஆக மொத்தம் 1,219. பட்டியலில் பெயர்கள் தோட்டம், குப்பம், சேரி, புரம், நகர் என்று இருக்கும். பெயரை வைத்து முடிவு செய்யாதீர்கள். ஒரே பெயரில் இரண்டு தோட்டம் உண்டு, ஒரு தோட்டத்துக்கு இரண்டு பெயரும் உண்டு. சர்வே எண்தான் கணக்கு. அதிலும் சிக்கல், பழைய சர்வே எண் ஒன்று, நகர நில அளவைக்குப் பிறகு வந்த டி.எஸ். எண் வேறொன்று. பிளாக் எண், வார்டு எண் எல்லாம் மாறியிருக்கும். இரண்டையும் இணைத்துக் காட்டும் பக்கத்தை நகல் கேட்டு வாங்கினால்தான் பேச முடியும். ஒரு கட்டில் நான் பார்த்தது: அறிவிப்பில் நான்கு எல்லையும் எழுதியிருந்தார்கள். வடக்கே கால்வாய், தெற்கே ஒரு மரக்கடை. மரக்கடை எப்போதோ போய்விட்டது, அந்த இடத்தில் மூன்று கட்டடங்கள் வந்துவிட்டன. தெற்கு எல்லை எங்கே முடிகிறது என்பதுதான் வழக்கே. கடைசியில் அந்த மரக்கடையின் பழைய லைசென்ஸில் இருந்த கதவு எண்ணைப் பிடித்துத்தான் கோடு போட்டார்கள்.

7 செப்டம்பர்

“கேட்காமல் அறிவிக்க முடியுமா” என்பதற்கு வருகிறேன். ஒருவர் கீழே, அரசு நினைத்தால் எதையும் அறிவிக்கலாம் என்று எழுதியிருக்கிறார். அப்படி இல்லை.

எழுபதுகளில் கர்நாடகத்திலிருந்து ஒரு வழக்கு வந்தது. அப்போதைய மைசூர் மாநிலத்தின் 1958ஆம் ஆண்டுச் சட்டம். குடிசைப் பகுதி என்று அறிவிப்பதற்கு முன் பாதிக்கப்படுபவரைக் கேட்கவேண்டும் என்று அந்தச் சட்டத்தில் எங்கும் எழுதியிருக்கவில்லை. அதனால் அந்தப் பிரிவுகளே செல்லாது என்றது உயர் நீதிமன்றம். உச்ச நீதிமன்றமோ, பிரிவுகள் செல்லும், ஆனால் கேட்க வேண்டும் என்று எழுதாவிட்டாலும் கேட்டே ஆகவேண்டும் என்றது. இயற்கை நீதி அங்கே தானாகவே அடங்கியிருக்கிறது. ஜே.வி. பட் வழக்கு என்று சொல்லுங்கள், உங்கள் வக்கீலுக்குத் தெரிந்திருக்கும்.

ஆகவே உங்கள் தாத்தாவுக்கு அப்போது நோட்டீஸ் வந்ததா என்று கேட்பது நியாயமான கேள்விதான். ஆனால் ஐம்பது வருடம் கழித்துக் கேட்கிறோம் என்பதையும் மறக்கக்கூடாது. இத்தனை காலம் ஏன் சும்மா இருந்தீர்கள் என்று நீதிபதி கேட்பார். அதற்குப் பதில் வைத்துக்கொண்டுதான் படி ஏறவேண்டும். அந்த வழியில் உங்கள் பணத்தைச் செலவழிக்க நான் சொல்லமாட்டேன்.

7 செப்டம்பர், இரவு

மேலே எழுதியதில் பாதிதான் இருக்கிறது. உரிமையாளரைக் கேட்கவேண்டும் என்பதோடு நிறுத்திவிட்டேன், குடியிருப்பவரையும் கேட்கவேண்டும் என்ற தீர்ப்பும் இருக்கிறது. அதுவும் கர்நாடகம்தான், 1991. முதலில் ஒரு இடம் முழுவதையும் குடிசைப் பகுதி என்று அறிவித்தார்கள். பிறகு அதை ரத்து செய்துவிட்டு, சிறிய பகுதியை மட்டும் சேர்த்துப் புது அறிவிப்பு வெளியிட்டார்கள். வெளியே தள்ளப்பட்ட பகுதியில் இருந்தவர்களை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. முதல் அறிவிப்பால் அவர்களுக்கு ஒரு எதிர்பார்ப்பும் உரிமையும் வந்துவிட்டது, அவர்களைக் கேட்காமல் எடுக்கமுடியாது என்றது உச்ச நீதிமன்றம்.

நான் இந்த இரண்டு தீர்ப்பையும் எப்போதும் சேர்த்தே சொல்வேன். ஒன்றை மட்டும் தூக்கிக்கொண்டு வருபவர்களைத்தான் அதிகம் பார்க்கிறேன். உரிமையாளரின் வக்கீல் முதலாவதை மட்டும் சொல்வார், குடியிருப்போர் சங்கத்தின் வக்கீல் இரண்டாவதை மட்டும். கேட்காமல் எழுதிய காகிதம் எந்தப் பக்கம் சாய்ந்தாலும் நிற்காது. சென்னையில் இருபது வருடம் இழுக்கும் வழக்குகளைப் புரட்டிப் பாருங்கள், ஆரம்பத்தில் யாரோ ஒருவரைக் கூப்பிட்டுப் பேசாமல் விட்டிருப்பார்கள்.

9 செப்டம்பர்

மும்பை. பலரும் கேட்டுவிட்டீர்கள்.

அங்கே சட்டம் 1971தான், ஆனால் பிறகு வேறு பாதையில் போய்விட்டது. 1995 கடைசியில் எஸ்.ஆர்.ஏ. என்ற மறுவாழ்வு ஆணையம் வந்தது. ஒரு இடம் குடிசைப் பகுதி என்று ஆகிவிட்டால், கட்டுமான நிறுவனம் அங்கே இருப்பவர்களுக்கு இலவச வீடு கட்டிக் கொடுக்கவேண்டும், அதற்குப் பதிலாகக் கூடுதல் மாடி கட்டி வெளிச் சந்தையில் விற்றுக்கொள்ளலாம். குடியிருப்பவர்களில் முன்பு 70 சதவீதம் பேர் சம்மதிக்க வேண்டும், பின்னர் அதை 51 ஆகக் குறைத்தார்கள்.

அறிவிப்பு யாருக்குப் பணமாகிறது என்று இப்போது பாருங்கள். சென்னையில் அறிவிப்பு என்றால் குடியிருப்பவருக்குக் கொஞ்சம் பாதுகாப்பு, தண்ணீர், விளக்கு, கழிப்பிடம். அங்கே அதே அறிவிப்பு ஒரு கூடுதல் மாடி அனுமதி. நிலத்தின் விலை வானத்தைத் தொடும் ஊரில், சாதாரணப் பழைய வாடகைக் குடியிருப்பைக்கூடக் குடிசைப் பகுதி என்று எழுதிவிட ஆள் இருப்பார்கள் என்பதற்கு ஆராய்ச்சி தேவையில்லை.

2024 ஜூலையில் யஷ் டெவலப்பர்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைப் பட்டியல் போட்டே சொன்னது. போரிவலியில் ஒரு திட்டம், இருபது வருடம் ஆகியும் முடியவில்லை. நீதிபதிகள் அந்த ஒரு வழக்கோடு நிற்கவில்லை. இந்தச் சட்டத்தில் பிரச்சினை முதல் படியிலேயே, அதாவது ஒரு நிலத்தைக் குடிசைப் பகுதி என்று அடையாளம் கண்டு அறிவிக்கும் இடத்திலேயே தொடங்குகிறது, அதில் கட்டுமான நிறுவனங்களின் கை நுழைகிறது, அதிகாரிகளின் முடிவு சுதந்திரமாக இருப்பதாகத் தெரியவில்லை என்றார்கள். பம்பாய் உயர் நீதிமன்றத்தில் இந்தச் சட்டத்தின் கீழ் 1,612 வழக்குகள் தேங்கியிருப்பதையும் சுட்டிக்காட்டினார்கள். சட்டம் எப்படி வேலை செய்கிறது என்பதைத் தணிக்கை செய்யும்படி உயர் நீதிமன்றத்தையே கேட்டுக்கொண்டார்கள். ஒரு உச்ச நீதிமன்ற அமர்வு, சட்டத்தின் நடைமுறையையே தணிக்கை செய்யச் சொல்வது தினம் நடக்கிற காரியம் இல்லை.

9 செப்டம்பர், பின்னிரவு

நீங்கள் கேட்ட 2025 ஆகஸ்ட் தீர்ப்பு: பாந்த்ராவில் ஒரு தேவாலய அறக்கட்டளையின் நிலம். அதை அரசு எடுத்துக்கொண்டு வேறொருவரை வைத்துக் கட்டலாமா என்பது வழக்கு. நில உரிமையாளருக்குத்தான் மறுசீரமைக்கும் முதல் உரிமை, அவரை முறையாக அழைத்து, வாய்ப்புக் கொடுத்து, அவர் செய்யாவிட்டால்தான் அடுத்த பேச்சு என்றது நீதிமன்றம். அதே நாளில் குர்லா நிலத்திலும் அதே நிலைப்பாடு.

உங்களுக்கு உதவுமா? நேரடியாக உதவாது. அது மகாராஷ்டிரச் சட்டத்தின் பிரிவுகளை வைத்துச் சொன்னது. அங்கே குடியிருப்பவர்களுக்கு வீடு கட்டித் தரும் பொறுப்போடுதான் அந்த முதல் உரிமை வருகிறது. செய்தித்தாளில் ‘நில உரிமையாளருக்கு வெற்றி’ என்று தலைப்பு வந்தால், குடியிருப்பவர்கள் தோற்றார்கள் என்று படித்துவிடுகிறோம். அந்தத் தீர்ப்பின் மையம் யார் கட்டுவது என்பது, யார் வெளியேறுவது என்பது அல்ல.

12 செப்டம்பர்

தாராவியில் உறவு இருப்பவர்கள் நிறையப் பேர் தனியாகக் கேட்டிருக்கிறீர்கள், குறிப்பாகத் திருநெல்வேலிப் பக்கத்துக்காரர்கள். நான் மும்பை நீதிமன்றம் பார்த்தவன் இல்லை, ஆகவே சுருக்கமாகச் சொல்கிறேன். அங்கே இப்போதைய சண்டை அறிவிப்பைப் பற்றியது அல்ல. தாராவி மறுசீரமைப்புத் திட்டத்தின் டெண்டரை எதிர்த்த வழக்கை 2024 டிசம்பரில் பம்பாய் உயர் நீதிமன்றம் தள்ளிவிட்டது. இப்போது எல்லாம் தகுதி பற்றித்தான். 2000 ஜனவரி 1க்கு முன்பிருந்தே தரைத்தளத்தில் இருப்பவருக்குத் தாராவிக்குள்ளேயே 350 சதுர அடி வீடு இலவசம். பின்னால் வந்தவரும் மாடியில் இருப்பவரும் வேறு கணக்கு, வேறு இடம். உங்கள் மாமாவிடம் பழைய வாக்காளர் பட்டியலின் நகலையும் மின் கட்டண ரசீதுகளையும் இன்றே எடுத்து வைக்கச் சொல்லுங்கள். மாடியில் இருப்பவர் யார், எப்போதிலிருந்து என்பதையும் எழுதி வைக்கச் சொல்லுங்கள்.

13 செப்டம்பர்

ஒருவர் எழுதியிருக்கிறார்: “ஆக்கிரமித்தவனுக்கு வீடு, வரி கட்டுபவனுக்குக் கடனா? எதற்கு இவர்களுக்குப் பரிதாபப்படுகிறீர்கள்?”

முதல் விஷயம், இந்த இழையில் கேள்வி கேட்டவர் நிலத்தில் யாரும் ஆக்கிரமிக்கவில்லை. அவர் தாத்தாவே வாடகைக்கு விட்டார், அவர்கள் மாதாமாதம் வாடகை கொடுத்தார்கள்.

இரண்டாவது, 1985க்குப் பிறகு சென்னையில் ஒரு இடம்கூடக் குடிசைப் பகுதி என்று அறிவிக்கப்படவில்லை. நாற்பது வருடம். இந்த நாற்பது வருடத்தில் சென்னை எவ்வளவு வளர்ந்தது? மேம்பாலம், மெட்ரோ, ஓ.எம்.ஆர். கண்ணாடிக் கட்டடங்கள். கட்டியவர்கள், பெருக்கியவர்கள், சமைத்தவர்கள், மூட்டை தூக்கியவர்கள் எங்கே தங்கினார்கள்? 2011 கணக்கெடுப்பில் சென்னை மக்கள்தொகையில் சுமார் 29 சதவீதம் பேர் குடிசைப் பகுதியில். 1985க்குப் பிறகு உருவான குடியிருப்புகளுக்குப் பட்டியலில் இடம் இல்லை. அவர்களுக்கு 29ஆம் பிரிவு இல்லை. 1905ஆம் ஆண்டு நில ஆக்கிரமிப்புச் சட்டத்தின் கீழ் ஒரு நோட்டீஸ், அப்புறம் பொக்லைன். நீர்நிலை ஓரம் என்றால் பேச்சே இல்லை. அவர்கள் சார்பில் வக்கீல் எழுந்து நின்றாலும், “இது அறிவிக்கப்பட்ட பகுதியா?” என்ற கேள்விக்கு இல்லை என்றுதான் சொல்லமுடியும்.

ஓல்கா டெல்லிஸ் வழக்கை எல்லோரும் மேற்கோள் காட்டுவார்கள். 1985, பம்பாய் நடைபாதைவாசிகள். வாழும் உரிமைக்குள் பிழைப்பும் அடங்கும் என்ற வரி எல்லோருக்கும் தெரியும். அதே தீர்ப்பு, முறையாக நோட்டீஸ் கொடுத்துவிட்டு அகற்றலாம் என்றும் சொன்னது என்பதைச் சொல்லமாட்டார்கள். இருபது வருடத்துக்கு மேல் இருந்து, மேம்படுத்தவும் பட்ட குடியிருப்புகளைப் பொதுத் தேவை இல்லாமல் அகற்றக்கூடாது, அகற்றினால் மாற்று இடம் தரவேண்டும் என்ற பகுதியைத்தான் நாம் கெட்டியாகப் பிடிக்கவேண்டும். பட்டியலில் இல்லாதவர்களுக்கு அதுதான் கொஞ்சம் கைப்பிடி.

மாற்று இடம் என்றால் எங்கே? கண்ணகி நகர், செம்மஞ்சேரி, பெரும்பாக்கம். மத்திய சென்னையிலிருந்து சுமார் இருபது கிலோமீட்டர், அதற்கு மேலும். எங்கள் தெருவில் வீட்டு வேலை பார்த்த அக்கா ஒருவர் அங்கே போன பிறகு காலை ஐந்து மணி பஸ்ஸைப் பிடித்து ஏழு மணி வீட்டுக்கு வருவார். ஒரு வீட்டு வேலையை மட்டும் வைத்துக்கொண்டு மற்ற மூன்றையும் விட்டுவிட்டார். பஸ் செலவு போக மிஞ்சுவது அவ்வளவுதான். இது பரிதாபப் பேச்சு இல்லை, அவர் வீட்டுக் கணக்கு.

14 செப்டம்பர்

“எங்கள் வீடு நல்ல கான்கிரீட் வீடு, சுற்றி இருப்பதுதான் குடிசை. எங்களையும் சேர்த்து அறிவித்தது எப்படி நியாயம்?” என்று கேட்டவருக்கு: சட்டம் ஒவ்வொரு கட்டடத்தையும் தனியாக எடை போடுவதில்லை, பகுதியைத்தான் பார்க்கிறது. தாழ்வான இடம், நெரிசல், குறுகிய சந்து, காற்று, வெளிச்சம், வடிகால், தண்ணீர் என்று 3ஆம் பிரிவில் வரிசையாக இருக்கிறது. கட்டடம் குடியிருக்கத் தகுதியா என்று பார்க்கும்போது ஈரம் ஏறாமல் இருக்கிறதா, சமைக்க இடம் இருக்கிறதா என்பதுவரை கேட்கிறது. அமெரிக்காவிலும் 1954இல் வாஷிங்டன் நகரில் ஒரு கடைக்காரர் இதே வாதத்தை வைத்தார், என் கடை குடிசை அல்லவே என்று. அங்கும் நீதிமன்றம் பகுதியை முழுதாகத்தான் பார்த்தது. ஆனால் உங்கள் வீட்டை இடிக்கவேண்டும் என்ற கட்டம் வரும்போது உங்கள் கட்டடத்தின் நிலை தனியாகப் பேசப்பட வேண்டும். அந்த இடத்துக்கு உங்கள் பொறியாளர் சான்றிதழை வைத்திருங்கள்.

17 செப்டம்பர்

கேள்வி கேட்டவர் இன்று மறுபடி எழுதியிருந்தார். பட்டியலைப் பார்த்துவிட்டாராம். 3 கிரவுண்டில் பாதிதான் உள்ளே வருகிறது, மீதி வெளியே. அப்பாவிடம் பழைய வாடகை நோட்டு எதுவும் இல்லையாம்.

உங்களிடம் இல்லை என்றால் அவர்களிடம் இருக்கும். அடிமனை வாடகை நோட்டு என்பது ஒரு விசித்திரமான சாட்சி, அதைப் பற்றிச் சொல்லியே ஆகவேண்டும்.

29ஆம் பிரிவு விசாரணை ஒன்றில் ஒரு பெரியவர் துணிப்பையிலிருந்து நீளமான நோட்டு ஒன்றை எடுத்து மேசையில் வைத்தார். அட்டை போய், அரிசி மூட்டைச் சாக்கை வெட்டித் தைத்திருந்தார். ஒவ்வொரு வரியிலும் மாதம், ரூபாய், ஒரு கையெழுத்து. 7 ரூபாயில் தொடங்குகிறது. முதலில் கணக்குப்பிள்ளையின் சுருக்கெழுத்து, கொஞ்சம் தள்ளி உரிமையாளரின் கையெழுத்து, பிறகு அவர் மகனின் கையெழுத்து. 2015 டிசம்பர் வரி மட்டும் காலி, வெள்ளத்தில் நோட்டின் கீழ்ப்பாதி ஊறிப்போன கறை அந்தப் பக்கத்தில் இருந்தது. அதற்கடுத்த மாதம் இரண்டு மாத வாடகை சேர்த்துக் கட்டியிருந்தார்.

உரிமையாளரின் வக்கீல் அதைப் பார்த்ததும் மகிழ்ந்துவிட்டார். வாடகை கொடுத்திருக்கிறார் என்றால் நிலம் தன்னுடையது என்று அவரால் சொல்லமுடியாது, நெடுநாள் இருந்ததாலேயே நிலம் சொந்தம் என்ற அனுபவப் பாத்தியப் பேச்சு அடிபட்டுப் போகிறது. பெரியவரின் வக்கீலுக்கும் மகிழ்ச்சிதான். ஐம்பது வருடமாக முறையான குடியிருப்பு, ஒரு மாதம் பாக்கி இல்லை, இவரை ஆக்கிரமிப்பாளர் என்று யாரும் வாய் திறக்கமுடியாது. ஒரே நோட்டு, இரண்டு பேருக்கும் சாட்சி. அன்று முதல் முறையாக இருவரும் சமரசம் பேச உட்கார்ந்தார்கள்.

17 செப்டம்பர், இரவு

பாதி உள்ளே, பாதி வெளியே என்பது நல்ல செய்தி மாதிரித் தெரியும். வெளியே இருப்பவர்களை உடனே காலி செய்யலாம் என்று யாராவது யோசனை சொல்வார்கள். அவசரப்படாதீர்கள். அவர்களுக்கு இன்னொரு சட்டம் இருக்கிறது: 1921ஆம் ஆண்டு சென்னை நகரக் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம். காலி நிலத்தை வாடகைக்கு எடுத்துத் தன் செலவில் வீடு கட்டியவர், நீங்கள் வழக்குப் போட்டு சம்மன் வந்த ஒரு மாதத்துக்குள், அந்த நிலத்தையே விலைக்குக் கேட்டு நீதிமன்றத்தில் மனு போடலாம். அந்தச் சட்டத்தின் 9ஆம் பிரிவு. தகுதி உள்ளவர் என்றால், அவருக்கு எவ்வளவு நிலம் தேவை, என்ன விலை என்று நீதிமன்றமே தீர்மானிக்கும். கோயில் நிலத்துக்கு 1996 திருத்தத்துக்குப் பிறகு இது கிடையாது, உங்களுடையது தனியார் நிலம், ஆகவே அந்த விலக்கு உங்களுக்கு இல்லை.

ஆக, உள்ளே இருப்பவர்களைக் காலி செய்ய அனுமதி வாங்கவேண்டும். வெளியே இருப்பவர்கள் மேல் வழக்குப் போட்டால் நிலத்தை விலைக்குக் கேட்பார்கள். தரகர் உங்களிடம் இரண்டாவதைச் சொன்னாரா?

20 செப்டம்பர்

கணக்கெடுப்பு பற்றி ஒரு சகோதரி கேட்டிருந்தார். அறிவிப்போ மறுசீரமைப்போ வரும்போது முதலில் கதவில் பெயிண்டில் எண் எழுதுவார்கள். எங்கள் பகுதியில் அதைச் செய்த நாள் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. பகல் பதினொரு மணிக்கு வந்தார்கள். வேலைக்குப் போகும் பெண்கள் யாரும் வீட்டில் இல்லாத நேரம். பூட்டியிருந்த வீட்டுக்கு எண் எழுதாமல் ‘பூட்டு’ என்று குறித்துக்கொண்டு போனார்கள். ஒரு வாசலுக்குள் அண்ணன் குடும்பம் முன்னறையிலும் தம்பி குடும்பம் பின்னறையிலும் இருந்தது, அதற்கு ஒரே எண். பின்னால் ஒதுக்கீட்டு ஆணை வந்தபோது தம்பிக்கு ஒன்றும் வரவில்லை. அண்ணன் தம்பிக்குள் இன்றுவரை பேச்சு இல்லை.

மறு கணக்கெடுப்புக் கேட்க முடியும். எழுத்தில் கேளுங்கள், ரசீது வாங்குங்கள், ரேஷன் அட்டை தனியாக இருந்தால் நகல் இணையுங்கள். தம்பியின் சமையலறை தனி என்பதற்குத் தனி கேஸ் இணைப்பு நல்ல சாட்சி.

22 செப்டம்பர்

யோசித்துப் பார்த்ததில் 13ஆம் தேதி எழுதியதோடு ஒன்றைச் சேர்க்கத் தோன்றுகிறது. புதிதாக அறிவிக்கவேண்டும் என்று நான் சொன்னால், மும்பை மாதிரி ஆகிவிடாதா என்று இருவர் கேட்டார்கள். நியாயமான பயம். அறிவிப்போடு கூடுதல் மாடி அனுமதியைக் கட்டிவிட்டால் அப்படித்தான் ஆகும். நம் பழைய சட்டத்தின் நல்ல குணமே, அதில் அறிவிப்பு யாருக்கும் லாபம் தருவதில்லை, பாதுகாப்பு மட்டும் தருகிறது. அதை அப்படியே வைத்துக்கொண்டு, 1985இல் நின்றுபோன பட்டியலைத் திறக்கவேண்டும். ஒவ்வொரு இடத்திலும் உரிமையாளரையும் குடியிருப்பவரையும் அதே இடத்தில் உட்காரவைத்துக் கேட்கவேண்டும், பகல் பதினொரு மணிக்கு அல்ல, ஞாயிற்றுக்கிழமை மாலையில். அறிவிப்பில் டி.எஸ். எண்ணும் வரைபடமும் இருக்கவேண்டும், மரக்கடை எல்லை வேண்டாம். குடிசை மாற்று வாரியத்தின் பெயர் 2021இல் நகர்ப்புற வாழ்விட மேம்பாட்டு வாரியம் என்று மாறிவிட்டது. பட்டியல் இன்னும் மாறவில்லை.

26 செப்டம்பர்

கேள்வி கேட்டவருக்கு. நேற்று நீங்கள் அனுப்பிய வரைபட நகலைப் பார்த்தேன். எல்லைக்கோடு குழாயடிக்குப் பின்னால் இருக்கும் ஆறு வீடுகளின் நடுவில் போகிறது. அந்த ஆறு வீட்டுக்காரர்களோடு முதலில் பேசுங்கள். அவர்கள் எந்தப் பக்கம் என்று தெரியாமல் அவர்களும் பயந்துதான் இருப்பார்கள். தரகரை அழைத்துப் போகாதீர்கள், அப்பாவை அழைத்துப் போங்கள். அவர் முகம் அவர்களுக்குத் தெரியும். நிலத்தை விற்பதானால் குடியிருப்பவர்களுக்கே விற்பது, அல்லது அவர்களுக்கு இடம் விட்டு மீதியில் நீங்கள் கட்டுவது, இரண்டுக்கும் கணக்குப் போட்டு எடுத்துப் போங்கள். வாடகை நோட்டு வைத்திருப்பவர்களிடம் ஒரு நகல் கேளுங்கள், எதற்கு என்று மறைக்காமல் சொல்லிவிட்டுக் கேளுங்கள். அளவையர் வந்து கல் நடும் நாளில் இரண்டு தரப்பும் இருந்து கையெழுத்துப் போடவேண்டும், அந்தத் தாளில் தேதி விட்டுப்போகாமல் பார்த்துக்கொள்ளுங்கள்.